யாரு சொன்னாலும் மோட்டார் ஓடிரக் கூடாது: டெஸ்லா பேட்டன்ட்ல இருந்து நம்ம தோட்டத்து சிம் பெட்டி வரைக்கும்

தமிழ்நாடு கேரளா பார்டர்ல கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், எருத்தேம்பதி, இந்தப் பக்கம் எந்தத் தென்னந்தோப்புக்குள்ள போனாலும் இப்ப போர்வெல் பக்கத்துல ஒரு பெட்டி தொங்கும், அதுல இருந்து ஒரு சின்ன ஏரியல் ஒயர் வெளிய நீட்டிட்டு இருக்கும், உள்ள ஒரு சிம் கார்டு. தோட்டக்காரர் பொள்ளாச்சி சந்தையில தேங்கா வெல பேசிட்டே செல்லுல ஒரு கால் போடுவார், இங்க சாளை வீட்டுக்குப் பின்னால மோட்டார் ஓட ஆரம்பிச்சுரும். நான் இந்தப் பெட்டிகள மாட்டிக் குடுக்குற வேலைதான் பாக்குறேன். மாட்டி முடிச்சு கை கழுவுற நேரத்துல வயசான தோட்டக்காரங்க அநேகமா எல்லாருமே ஒரு கேள்வி கேப்பாங்க.

"ஏனுங் தம்பி, இந்த நம்பர் வேற யாருக்காச்சும் தெரிஞ்சுபோச்சுன்னா அவியளும் நம்ம மோட்டாரப் போட்டுருவாங்களா?"

ரொம்ப சரியான கேள்விங்க இது. நூத்தி இருவது வருசத்துக்கு மேல பெரிய பெரிய இன்ஜினியருங்க மண்டைய ஒடச்சுக்கிட்ட கேள்வி இதுதான், இதுக்குன்னு எடுத்த பேட்டன்ட் மட்டுமே ஒரு அலமாரி நெறையும். அதுல நிக்கோலா டெஸ்லாங்கிற கண்டுபுடிப்பாளர் எடுத்த மூணு பேட்டன்ட வச்சுத்தான் இதச் சொல்லப்போறேன், ஏன்னா பிரச்சினையும் அதுக்கான மொதல் பதிலும் ரெண்டுமே அந்த ஆளுகிட்ட இருந்துதான் தெளிவா வருது. எலெக்ட்ரானிக்ஸ் எதுவும் தெரிஞ்சிருக்க வேண்டியதில்ல, சுவிட்சுன்னா என்ன ரிலேன்னா என்னன்னு தெரிஞ்சாப் போதும். ரிலேன்னா சின்ன கரன்ட் வந்து ஒரு பெரிய கரன்ட்டோட சுவிட்ச இழுத்துவிடுற சாமான், அவ்வளவுதான்.

மொதல்ல ஒரு விசயத்தப் பிரிச்சு வச்சுக்கணும். பாதுகாப்பான தகவல்தொடர்புன்னு சொன்னதும் எல்லாருக்கும் ரகசியம்தான் ஞாபகம் வருது, அதாவது நான் அனுப்புறத வேற யாரும் படிச்சிரக் கூடாது. லெட்டருக்கு அது சரி. ஆனா மோட்டாருக்கு? 'மோட்டார் ஓடு'ன்னு நான் சொன்னத பக்கத்துத் தோட்டத்துக்காரர் கேட்டா என்ன குடியா முழுகிப்போகும், மோட்டார் ஓடுற சத்தமே அவருக்குக் கேக்குமே. இங்க ரகசியம் முக்கியமே இல்ல. சொன்னது யாரு, இப்பத்தான் சொன்னாரா, இந்த ரெண்டு மட்டும்தான் முக்கியம். மறைக்கிறது ஒரு வேலை, ஆள அடையாளம் பாக்குறது இன்னொரு வேலை. இந்த ரெண்டையும் போட்டுக் கொழப்பிக்கிறதாலதான் 'இது என்கிரிப்ஷன் (அனுப்புறத மறைக்கிற வித்தை) போட்ட ரிமோட்டுங்க, ஒண்ணும் ஆகாது'ன்னு கடையில சொன்னதும் நம்ம ஆளுங்க நம்பி வாங்கிட்டு வந்துர்றாங்க.

இப்ப டெஸ்லா. 1898ஆம் வருசம் ஜூலை 1ஆம் தேதி அமெரிக்காவுல விண்ணப்பம் போட்டு, நவம்பர் 8ஆம் தேதி கெடச்ச பேட்டன்ட், நம்பர் 613809. ஓடுற படகு, வண்டி இதுல இருக்கிற மெஷின தூரத்துல இருந்து இயக்குற முறையும் கருவியும், இதுதான் அதோட விசயம். அந்த வருசம் நியூயார்க்ல மேடிசன் ஸ்கொயர் கார்டன்ல தண்ணித் தொட்டி கட்டி அதுல ஒரு சின்ன படகு விட்டுக் காட்டுனார். ஒயர் எதுவும் கெடையாது, கையில ஒரு கன்ட்ரோல் பெட்டி, படகு இந்தப் பக்கம் திரும்புது, அந்தப் பக்கம் திரும்புது, அதுல லைட்டு எரியுது அணையுது. பாத்தவங்களுக்கு என்ன நெனைக்கிறதுன்னே தெரியல, ரேடியோவுல ஒரு பேச்சோ பாட்டோ கேக்காத காலம் அது. (அதுக்கும் முன்னாடி 1895 வாக்குல நம்ம ஜகதீஷ் சந்திர போஸ் கல்கத்தாவுல ஒயர் இல்லாம அல அனுப்பி அந்தப் பக்கம் மணி அடிக்க வச்சாரு, வெடிமருந்தப் பத்த வச்சாரு. தூரத்துல இருந்து ஒரு பொருள வேல செய்ய வைக்கிறதுல நம்ம நாடு ஒண்ணும் பின்னால வந்ததில்ல, இதப் பள்ளிக்கூடத்துல இன்னும் நல்லா சொல்லிக்குடுக்கலாம்.)

அந்தப் படகுக்குள்ள என்ன இருந்துச்சுன்னு கொஞ்சம் கிட்டப் போயி பாக்கணும், ஏன்னா ஓட்டை அங்கதான் இருக்கு. ஏரியல்ல இருந்து வர்ற ஒயர் ஒரு சின்ன உருளையில வந்து முடியும், அந்த உருளைக்குள்ள உலோகத் தூள். சாதாரணமா அந்தத் தூள் வழியா கரன்ட் போகாது. ரேடியோ அல வந்து பட்டுச்சுன்னா தூளெல்லாம் ஒண்ணோட ஒண்ணு ஒட்டுன மாதிரி ஆயி கரன்ட் போகும். கரன்ட் போனா ரிலே இழுக்கும். ரிலே இழுத்தா ஒரு வட்டத் தட்டு ஒரு படி நகரும். அப்பறம் அந்த உருளைய ஒரு சின்ன இயந்திரம் தலைகீழாப் பொரட்டிப் போடும், தூள் உதிர்ந்து மறுபடி பழையபடி ஆயிரும், அடுத்த சிக்னலுக்கு ரெடி. வட்டத் தட்டு நிக்கிற எடத்தப் பொறுத்து சுக்கான் எந்தப் பக்கம் திரும்பணும், எப்ப நிக்கணும்ங்கிறது முடிவாகும். ஒரு சிக்னலுக்கு ஒரு படி, அவ்வளவுதான் அந்தப் படகோட மூளை. அந்தக் காலத்துல இத யோசிச்சத நெனச்சா எனக்கு இன்னைக்கும் புல்லரிக்குது.

ஆனா கவனிங்க, அந்தத் தூளுக்கு யாரு அனுப்புன அலன்னு தெரியாது. டெஸ்லா அனுப்புனாலும் சரி, பக்கத்துல வேற ஒருத்தர் தீப்பொறி மெஷின் வச்சு அனுப்புனாலும் சரி, வானத்துல மின்னல் வெட்டுனாலும் சரி, தூள் ஒட்டிக்கும், தட்டு ஒரு படி நகரும். மின்னலுக்கு அந்தத் தூள் அசையும்னு அந்தக் காலத்துலயே நல்லாத் தெரியும், ரஷ்யாவுல பொப்போவ்ங்கிற விஞ்ஞானி 1895லயே அத வச்சு மின்னல் வர்றதக் கண்டுபுடிக்கிற கருவியே பண்ணியிருந்தார். படகு அலவரிசைக்கு ட்யூன் பண்ணித்தான் இருந்துச்சு, அதுனால ஓரளவுக்குத் தப்பிக்கும், ஆனா ஒரே ஒரு அலவரிசைங்கிறது பூட்டே இல்லைங்க. தேடிக்கிட்டே போனா என்னைக்காவது ஒரு நாள் மாட்டும்.

இதப் புரிஞ்சுக்கிட்டது யாருன்னா அதே டெஸ்லாதான். 1900 ஜூலை 16ஆம் தேதி இன்னொரு விண்ணப்பம் போடுறார், அதுல இருந்து ரெண்டு பேட்டன்ட் வருது, 1903 மார்ச்சுல ஒண்ணு, நம்பர் 723188, ஏப்ரல்ல ஒண்ணு, நம்பர் 725605. தூரத்துல இருக்கிற தானியங்கி இயந்திரத்த இயக்குறதுக்கு அனுப்புற அலைய வேற அலைங்க வந்து கெடுக்கக் கூடாது, வேற ஆளு உள்ள புகுந்து இயக்கக் கூடாது, அதுக்கு என்ன பண்றதுங்கிறதுதான் இந்த ரெண்டுலயும் இருக்கிற விசயம். பதில் ரொம்ப எளிமை. ஒரு அலைக்குப் பதிலா ரெண்டு அல, வேற வேற அலவரிசையில அனுப்பு. வாங்குற பக்கம் ரெண்டு சர்க்யூட் வை, ஒண்ணு மொத அலைக்கு மட்டும் ட்யூன் பண்ணது, இன்னொண்ணு ரெண்டாவது அலைக்கு மட்டும். ஒவ்வொண்ணுக்கும் ஒரு ரிலே. அந்த ரெண்டு ரிலேயோட சுவிட்சையும் ஒரே ஒயர்ல ஒண்ணுக்குப் பின்னால ஒண்ணா மாட்டு. ரெண்டும் சேந்து இழுத்தாத்தான் கரன்ட் முழுசாப் போயி மெஷின் வேல செய்யும். ஒண்ணு மட்டும் இழுத்தா ஒண்ணும் நடக்காது.

பேங்க் லாக்கர் தெறக்கறப்ப மேனேஜர் சாவியும் நம்ம சாவியும் ரெண்டும் போட்டாத்தான் தெறக்குமே, அதே சங்கதிதான்.

சும்மா ரெண்டு மடங்கு பாதுகாப்புன்னு மட்டும் நெனச்சிராதீங்க. கணக்குப் போட்டுப் பாருங்க. நூறு அலவரிசை இருக்குன்னு வச்சுக்குவோம். ஒரே அலன்னா திருடன் அதிகபட்சம் நூறு தடவ முயற்சி பண்ணுனாப் போதும். ரெண்டு அல சேந்து வரணும்னா எத்தன ஜோடி இருக்கு? நூற தொண்ணூத்தொம்பதால பெருக்கி ரெண்டால வகுத்தா 4,950. மூணு அலன்னா 1,61,700. ஒவ்வொரு அல கூட்டும்போதும் நமக்கு ஆகுற செலவு ஒரு சர்க்யூட்தான், ஆனா திருடனுக்கு வேல பல மடங்காப் பெருகுது. அதுவுமில்லாம மின்னல், மோட்டார் தீப்பொறி இதெல்லாம் தற்செயலா ரெண்டு ரிலேயையும் சரியான நேரத்துல இழுக்கிறது அபூர்வம், அதுனால திருட்டுக்கும் மருந்து, எரைச்சலுக்கும் மருந்து. இன்னைக்குக் கம்ப்யூட்டர் படிக்கிற புள்ளைங்க மொத வகுப்புல 'ரெண்டும் உண்மையா இருந்தாத்தான் உண்மை'ன்னு ஒரு லாஜிக் கேட் படிப்பாங்களே, அதத்தான் டெஸ்லா ரிலேயில பண்ணி வச்சிருந்தார்.

அதே 1903ல, டெஸ்லாவுக்கு இந்த பேட்டன்ட் கெடச்ச ரெண்டாவது மாசம், லண்டன்ல ஒரு சம்பவம். மார்க்கோனியோட ஒயர்லெஸ்ஸ ராயல் இன்ஸ்டிட்யூஷன்ல மேடை போட்டு ஃபிளெமிங்னு ஒரு பெரிய பேராசிரியர் ஜனங்களுக்குக் காட்டுறதா ஏற்பாடு, தூரத்துல கார்ன்வால் கரையில இருந்து மார்க்கோனி செய்தி அனுப்பணும். நாங்க சரியா ட்யூன் பண்ணிட்டோம், வேற யாரும் உள்ள வர முடியாதுன்னு மார்க்கோனி கம்பெனி சொல்லிக்கிட்டு இருந்த நேரம். நிகழ்ச்சி தொடங்கறதுக்குள்ள மேடையில இருந்த கருவி தானா தட்ட ஆரம்பிச்சுருச்சு, 'எலி எலி எலி'ன்னு ஒரே வார்த்தை திரும்பத் திரும்ப, அப்பறம் மார்க்கோனிய நக்கல் பண்ணி ஒரு பாட்டு. அனுப்புனது நெவில் மஸ்கெலின்னு ஒரு மேஜிக் நிபுணர், பக்கத்துல இருந்து பலமான அலைய அடிச்சு விட்டிருக்கார். ட்யூனிங் மட்டும் பூட்டு ஆகாதுன்னு ஊருக்கே நிரூபிச்சுட்டார். அந்த மேடையில டெஸ்லாவோட ரெண்டு அல முறை இருந்திருந்தா அவரு வேல இவ்வளவு லேசா முடிஞ்சிருக்காதுன்னுதான் நான் நெனைக்கிறேன்.

சரி, அப்ப டெஸ்லா முறையோட கதை முடிஞ்சுதா? இல்ல. ரெண்டு அல இல்ல, இருவது அல வச்சாலும் ஒரு ஓட்டை அப்படியே இருக்கும். திருடன் கண்டுபுடிக்கவே வேண்டாம், நீங்க அனுப்பும்போது பக்கத்துல ஒக்காந்து அப்படியே பதிவு பண்ணிக்கிட்டு நாளைக்கு அதையே திருப்பி ஓட விட்டாப் போதும். என்ன அலவரிசை, எத்தன அல, அதுக்கு என்ன அர்த்தம், எதுவும் அவனுக்குத் தெரிய வேண்டியதில்ல.

இது இன்னைக்கும் நம்ம ஊர்ல நடக்குற விசயம். கேட் ரிமோட், ஷட்டர் ரிமோட், கம்மி வெலையில வர்ற ரிமோட் மோட்டார் சுவிட்ச், இதுல ஒண்ண எடுத்து பின்னால இருக்கிற சின்ன ஸ்க்ரூவக் கழட்டிப் பாருங்க. ஒரு பட்டன் செல் இல்லன்னா 12 வோல்ட் குட்டி பேட்டரி, ஒரு கறுப்பு சிப், அதோட காலுங்க பக்கத்துல வரிசையா எட்டு எடத்துல மூணு மூணு புள்ளியா ஈயப் பட்டைங்க இருக்கும். ஒவ்வொரு காலையும் மேல் பட்டையோட ஒட்டலாம், கீழ் பட்டையோட ஒட்டலாம், இல்ல சும்மா விட்டுரலாம். எட்டு கால், ஒவ்வொண்ணுக்கும் மூணு வாய்ப்பு, மொத்தம் 6,561 வகை. இதுதான் அந்த ரிமோட்டோட சாவி. அமுக்கும்போதெல்லாம் 433 மெகாஹெர்ட்ஸ்ல அதே சாவியத்தான் கத்தும், இன்னைக்கும் அதே, அடுத்த வருசமும் அதே. நான் தொறந்து பாத்த பல ரிமோட்ல எட்டு காலும் ஒட்டாமலே இருந்துச்சு, ஃபேக்டரியில இருந்து வந்தது வந்தபடி. வேலந்தாவளம் பக்கம் ரெண்டு பங்காளிங்க ஒரே கடையில ஒரே மாதிரி ரிமோட் சுவிட்ச் வாங்கிட்டு வந்து மாட்டுனாங்க, பெரியவரு இங்க அமுக்குனா சின்னவரு மோட்டாரும் சேந்து ஓடுது. ஏற்கெனவே வரப்புத் தகராறு இருக்குற குடும்பம், வேணும்னே பண்றான்னு பேச்சு வந்துருச்சு. போயி ரெண்டு ரிமோட்டையும் தொறந்து பக்கத்துல பக்கத்துல வச்சுக் காட்டுன பின்னாலதான் சமாதானம் ஆச்சு, சின்னவரோடதுல மூணு கால ஈயம் வச்சு மாத்தி ஒட்டிக் குடுத்தேன். அது பங்காளிப் பிரச்சினையத் தீத்துச்சு. ஆனா காப்பி ரிமோட்டுன்னு ஒண்ணு கடையிலயே விக்குது, ஒங்க ரிமோட்ட அது பக்கத்துல வச்சு அமுக்குனா அப்படியே கத்துக்கும், அதுக்கு இந்த ஈயமெல்லாம் ஒரு தடையே இல்ல.

இந்தப் பதிவு பண்ணித் திருப்பி விடுற வித்தைக்கு மருந்து என்ன? ஒவ்வொரு தடவையும் சாவி மாறணும். மாறுறது ரெண்டு பக்கத்துக்கும் தெரியணும், நடுவுல கேக்குறவனுக்குத் தெரியக் கூடாது. இந்த யோசனைக்குப் பின்னால ரெண்டு பழைய பேட்டன்ட் இருக்கு, சுருக்கமா சொல்லிர்றேன்.

ஒண்ணு 1919ல கில்பர்ட் வெர்னம் எடுத்தது, நம்பர் 1310719. ஏடி அண்ட் டிங்கிற அமெரிக்க ஃபோன் கம்பெனி இன்ஜினியர். தந்தி மெஷின்ல ஒவ்வொரு எழுத்தும் காகித டேப்ல ஓட்டை, ஓட்டை இல்லங்கிற அஞ்சு எடமாப் போகும். இவர் சாவிக்குன்னு தனியா இன்னொரு டேப் ஓட விட்டார், ரெண்டு டேப்லயும் ஒரே மாதிரி இருந்தா ஓட்டை போடாத, வேற மாதிரி இருந்தா ஓட்டை போடு, அதுதான் போற செய்தி. அந்தப் பக்கம் அதே சாவி டேப்ப அதே எடத்துல இருந்து ஓட விட்டு மறுபடி இதையே பண்ணுனா பழைய செய்தி வந்துரும். அந்த சாவி எந்த ஒழுங்கும் இல்லாம கன்னாபின்னான்னு இருக்கணும், ஒரு தடவைக்கு மேல உபயோகிக்கக் கூடாதுங்கிறத அமெரிக்க ராணுவத்து மாபோர்ன் வலியுறுத்துனார், அப்படிச் செஞ்சா யாராலயும் ஒடைக்க முடியாதுன்னு கணக்குப் போட்டு நிரூபிச்சு 1949ல வெளியிட்டவர் கிளாட் ஷானன்ங்கிற கணித நிபுணர்.

உலகத்துலயே ஒடைக்க முடியாத ரகசியம். ஆனா மோட்டாருக்கு இது போதுமா? போதாதுங்க. மொதல்ல சொன்னேனே, மறைக்கிறது வேற, அடையாளம் பாக்குறது வேறன்னு, அது இங்கதான் பளிச்சுன்னு தெரியும். ஓட்டை இருந்தா ஆன், இல்லன்னா ஆஃப்னு வச்சுக்குங்க. நீங்க ஆஃப்னு அனுப்புறீங்க, சாவியோட சேந்து அது என்னவா மாறிப் போகுதுன்னு திருடனுக்குத் தெரியாது. தெரியவே வேண்டாம். நடுவுல ஒக்காந்து அந்த ஒரு எடத்தத் தலைகீழா மாத்தி விட்டாப் போதும், ஓட்டை இருந்தா அடைக்கிறது, இல்லன்னா போடுறது. அந்தப் பக்கம் சாவியோட சேத்துப் பிரிக்கும்போது ஆஃப் ஆனாகிரும். சாவிய அவன் பாக்கவே இல்ல, செய்தியப் படிக்கவே இல்ல, ஆனா மோட்டார் ஓடுது! அதுனாலதான் 'என்கிரிப்ஷன் இருக்கு'ங்கிற ஒத்த வரிய நம்பி வாங்காதீங்கன்னு திரும்பத் திரும்பச் சொல்றேன்.

இன்னொண்ணு 1942 ஆகஸ்ட்ல, நம்பர் 2292387, வியன்னாவுல பொறந்து ஹாலிவுட்டுக்குப் போன நடிகை ஹெடி லமாரும் ஜார்ஜ் ஆந்தெய்ல்ங்கிற இசையமைப்பாளரும் சேந்து எடுத்தது. ரேடியோவுல ஓட்டுற டார்பிடோ குண்ட எதிரி எரைச்சல் அலைய அடிச்சு தடுத்துருவான், அதுனால அலவரிசைய நொடிக்கு நொடி மாத்திக்கிட்டே இரு. தானா வாசிக்கிற பியானோவுல ஓட்டை போட்ட காகிதச் சுருள் ஓடுமே, அதே மாதிரி ரெண்டு சுருள், ஒண்ணு கப்பல்ல ஒண்ணு டார்பிடோவுல, ரெண்டும் ஒரே நேரத்துல ஓட ஆரம்பிச்சு ஒண்ணு போலவே தாவும், பியானோ கட்டை மாதிரியே 88 அலவரிசை வரைக்கும். ரெண்டாம் உலகப் போர்ல அமெரிக்கக் கடற்படை அத உபயோகிக்கல.

வெர்னம் டேப்பும் சரி, லமார் சுருளும் சரி, ரெண்டுலயும் பொதுவா ஒரு விசயம் இருக்கு. அனுப்புறவரும் வாங்குறவரும் ஒரே கணக்க கையில வச்சுக்கிட்டு படிப்படியா சேந்து நகர்றாங்க. இத அப்படியே ஒரு குட்டி சிப்புக்குள்ள கொண்டுவந்ததுதான் ரோலிங் கோட். தென்னாப்பிரிக்காவுல நானோடெக்ங்கிற கம்பெனியில உருவாச்சு, பேரு கீலாக், 1995ல அமெரிக்காவோட மைக்ரோசிப் கம்பெனி வாங்குச்சு, உலகம் பூராவும் கார் ரிமோட்லயும் கேட் ரிமோட்லயும் போச்சு.

இது வேல செய்யுற விதத்தக் கொஞ்சம் நிதானமாப் படிங்க. ரிமோட்டுக்குள்ள ஒரு எண்ணிக்கை இருக்கு, ஒவ்வொரு தடவ அமுக்கும்போதும் ஒண்ணு கூடும். அந்த எண்ணிக்கைய அப்படியே அனுப்பாது, உள்ள இருக்கிற ரகசிய சாவிய வச்சு கலக்கி, பாத்தா ஒண்ணுமே புரியாத ஒரு 32 பிட் நம்பரா (பிட்டுன்னா 0 இல்ல 1 நிக்கிற ஒரு எடம்) மாத்தி அனுப்பும். பெட்டிகிட்டயும் அதே சாவி இருக்கும். அது பிரிச்சுப் பாத்து, கடைசியா நான் ஏத்துக்கிட்ட எண்ணிக்கை 500, இப்ப வந்திருக்கிறது 501, சரி ஓடுன்னு சொல்லும். நேத்து பதிவு பண்ண 500ஐ இன்னைக்கு ஒருத்தன் ஓட விட்டா, இது பழசு, போடான்னு ஒதுக்கிரும். நடுவுல ஒரு பிட்ட மாத்தி விட்டாலும் பிரிக்கும்போது எண்ணிக்கை கண்டபடி எங்கயோ போயிரும், ஏத்துக்காது. ரகசியமும் இருக்கு, ஆளும் தெரியுது, புதுசாங்கிறதும் தெரியுது.

வீட்டுல கொழந்தை ரிமோட்ட வச்சு வெளையாடி பத்து தடவ அமுக்கிருச்சுன்னா? ரிமோட் 511ல நிக்கும், பெட்டி 501லயே நிக்கும். அதுக்குத்தான் ஒரு ஜன்னல் வச்சிருக்காங்க, அடுத்த 16 எண்ணிக்கைக்குள்ள எது வந்தாலும் ஏத்துக்கும். அதுக்கு மேல தள்ளிப் போச்சுன்னா அடுத்தடுத்து ரெண்டு தடவ அமுக்கணும், ரெண்டும் வரிசையா வந்தா சரி இவருதான்னு மறுபடி சேந்துக்கும். கேட் ரிமோட் ஒரு அமுக்குல வேல செய்யாம ரெண்டாவது அமுக்குல வேல செஞ்சா, எப்பவும் பேட்டரி வீக்குன்னு நெனைக்காதீங்க, இதுவாக்கூட இருக்கலாம்.

இதுவும் சாசுவதமான பூட்டு இல்ல. 2008ல ஜெர்மனியில போஹும்ங்கிற ஊர்ப் பல்கலைக்கழகத்து ஆராய்ச்சியாளருங்க கீலாக் சிப் கணக்குப் போடும்போது இழுக்கிற கரன்ட்டோட ஏத்த எறக்கத்த அளந்தே உள்ள இருக்கிற சாவிய எடுத்துக் காட்டுனாங்க. 2015ல சேமி காம்கர்ங்கிற ஆராய்ச்சியாளர், நீங்க அமுக்குறத பெட்டிக்குப் போக விடாம எரைச்சல் போட்டுத் தடுத்து, அதே நேரம் தான் மட்டும் பதிவு பண்ணி வச்சுக்கிற ஒரு கருவி காட்டுனார். நீங்க வேல செய்யலையேன்னு மறுபடி அமுக்குவீங்க, அதையும் புடிச்சுக்கிட்டு மொதல்ல புடிச்சத அனுப்பும், கேட் தெறக்கும், ரெண்டாவது சாவி உபயோகிக்காம அவன் கையில இருக்கும். இதுக்கு மருந்து, பெட்டியே மொதல்ல ஒரு புது நம்பரக் கேள்வியா அனுப்பி, அதுக்கு சரியான பதில் வந்தா மட்டும் தெறக்குறது. ரெண்டு பக்கமும் பேசணும், அதுனால வெல கூடும்.

இப்ப நம்ம சிம் பெட்டிக்கு வருவோம், தோட்டக்காரர் கேட்ட கேள்விக்கு இனி பதில் சொல்லலாம். கால் வரும்போது பெட்டி நம்பரப் பாக்கும், தன்கிட்ட பதிஞ்சு வச்ச நம்பரான்னு ஒத்துப் பாக்கும், ஆமான்னா கால கட் பண்ணிட்டு ரிலேய இழுக்கும், காண்டாக்டர் (மோட்டாருக்குக் கரன்ட் விடுற பெரிய சுவிட்ச்) டக்குனு அடிக்கும், மோட்டார் ஓடும். பதியாத நம்பர்னா ஒண்ணும் பண்ணாது. அதுனால பெட்டியோட நம்பர் ஊருக்கே தெரிஞ்சாலும் தொந்தரவு இல்லைங்க, தெரியாத ஆளு கூப்புட்டா அதுபாட்டுக்கு சும்மா இருக்கும். ஆனா அடையாளம் பாக்குற வேலைய இங்க நாம முழுசா ஃபோன் கம்பெனிகிட்ட விட்டிருக்கோம், பெட்டிக்குத் தெரியுறது திரையில வர்ற நம்பர் மட்டும்தான். கூப்புடுற நம்பரப் பொய்யாக் காட்டுற வழி உலகத்துல இருக்கு. பெட்டிங்க பெரும்பாலும் 2ஜியில ஓடுது, 2ஜியில டவர்தான் ஃபோன் யாருன்னு சோதிக்கும், ஃபோன் திருப்பி டவர நீ யாருன்னு கேக்காது, 3ஜியிலதான் அதச் சரி பண்ணுனாங்க. பத்து ஏக்கர் தென்னைக்கு இவ்வளவு பாடுபட்டு ஒருத்தன் வருவானான்னா வர மாட்டான். ஊர்த் தண்ணி டேங்க், பெரிய பம்ப் ஹவுஸ் இதுக்கு யாராவது இதே பெட்டிய மாட்டச் சொன்னா நான் ஒத்துக்க மாட்டேன்.

நெஜமான ஆபத்து இன்னும் சாதாரணமான எடத்துல இருக்கு. எஸ்எம்எஸ் அனுப்பி புது நம்பர் சேக்க ஒரு பாஸ்வேர்டு இருக்கும், ஃபேக்டரியில இருந்து 1234ன்னோ 0000ன்னோ வரும், பாதிப் பேரு மாத்துறதே இல்ல. அத மாத்தலன்னா டெஸ்லா வந்து ஒக்காந்தாலும் காப்பாத்த முடியாது. தோட்டத்துல வேல பாத்துட்டு நின்னுபோன ஆளோட நம்பர் இன்னும் உள்ளயே கெடக்கும், அதையும் எடுத்துரணும்.

அப்பறம் இந்த பார்டர் ஏரியாவுக்குன்னே ஒரு தொல்லை. இந்தப் பக்கம் ஒரு டவர், அந்தப் பக்கம் ஒரு டவர், பெட்டி ரெண்டுக்கும் நடுவுல மாறி மாறிப் புடிச்சுக்கிட்டு இருக்கும், சில நேரம் ரெண்டுமே இல்லாம நிக்கும். அந்த நேரத்துல எஸ்எம்எஸ்ல ஆன் அனுப்புனா அது நடுவுல எங்கயோ காத்துக் கெடக்கும். மோட்டார் ஓடலையேன்னு நீங்க நேர்ல போயி போட்டு, தண்ணி பாய்ச்சி, நிறுத்திட்டு வீட்டுக்கு வந்து படுத்திருப்பீங்க, ராத்திரி டவர் கெடச்சதும் அந்தப் பழைய எஸ்எம்எஸ் உள்ள போயி மோட்டார் தானா ஓடும், தண்ணி வரப்பத் தாண்டிப் போயிட்டு இருக்கும், போர்ல தண்ணி கொறஞ்சா மோட்டார் சூடேறும். தண்ணி இல்லாம ஓடுனா தானா நிறுத்துற ட்ரை ரன் பாதுகாப்பு இல்லாத பெட்டின்னா காயில் போச்சு. இதுல திருடன் யாரும் இல்ல. அனுப்புனது நீங்கதான், நம்பர் சரி, பாஸ்வேர்டு சரி, எல்லாம் சரி, நேரம் மட்டும் பழசு. ரோலிங் கோட் எதுக்கு நேத்து சாவிய ஒதுக்குதோ அதே காரணம்தான் இங்கயும்.

அதுனால என்கிட்ட வர்றவங்ககிட்ட நான் சொல்றது, ஆன் பண்றதுக்கு கால் போடுங்க, எஸ்எம்எஸ் வேண்டாம். கால் ஒண்ணு போயி சேரும் இல்ல சேராது, நடுவுல தங்கி நிக்காது. ஆஃப் பண்ண எஸ்எம்எஸ் அனுப்பலாம், லேட்டா வந்தா மோட்டார் நிக்கும், அவ்வளவுதான. புதுசா பெட்டி வாங்குறப்ப கடைக்காரர்கிட்ட மூணு கேளுங்க: எஸ்எம்எஸ் எத்தன நிமிசத்துக்கு மேல பழசா இருந்தா ஏத்துக்காது, மோட்டார் ஓடுனதும் நின்னதும் எனக்குத் திருப்பி மெசேஜ் வருமா, பாஸ்வேர்ட நானே மாத்த முடியுமா. மொதக் கேள்விக்கு முழிச்சார்னா வேற கம்பெனி பெட்டி காட்டச் சொல்லுங்க.